ஆறு நாள் கூலி, ஒரு நாள் சுவர்

வீட்டுக்கடன் கம்பெனி மேனேஜர் ஒருவர் திண்டுக்கல்லில் இருந்தார். பெயர் தனசேகரன். தன் வீட்டுக்குக் காம்பவுண்டு சுவர் கட்ட, கொத்தனார் புருஷனோடு வந்த சித்தாள் பொற்கொடியிடம் அவர் கடன் தாளை நீட்டினார். கைக்குழந்தைக்காரியை மிரட்டுவது சுலபம் என்று நினைப்பு.

“பத்து லட்சம். மாசம் ஒன்பதாயிரம்தான், வாடகை மாதிரி. நான் வெளியூர் போயிட்டு சனிக்கிழமை வந்ததும் நீயும் உன் புருஷனும் கையெழுத்துப் போடணும். இல்லேன்னா வாரக்கூலி கிடையாது.”

“எத்தனை வருஷம் சார்?”

“இருபது. உனக்கு எதுக்குடி கணக்கு?”

குழந்தையைத் தூளியில் போட்டுவிட்டு, தாளின் பின்பக்கத்து அட்டவணையை வரி விடாமல் படித்தாள் பொற்கொடி.

சனிக்கிழமை வந்த மேனேஜர் குதித்தார். சுவர் முழங்கால் உயரம்தான் இருந்தது.

“ஆறு நாளா என்னடி பண்ணீங்க?”

“ஒரு நாள் உங்க சுவர் கட்டினோம். அஞ்சு நாள் எங்க குடிசைக்குச் சுவர் வச்சோம். ஆறு நாள் கூலி குடுங்க சார்.”

“நான் என்ன முட்டாளா?”

“இல்லீங்க சார், அதுக்கு எங்களைத்தானே பார்த்து வச்சிருக்கீங்க! முதல் மாசம் நான் கட்டுற ஒன்பதாயிரத்துல ஏழாயிரத்து ஐந்நூறு வட்டிக்கே போகுது. கடன்ல கழியறது ஆயிரத்து ஐந்நூறு. ஆறுல ஒரு பங்கு!”

“போகப் போக மாறும்!”

“வட்டியும் அசலும் பாதிக்குப் பாதி ஆகவே பன்னிரண்டு வருஷம். மொத்தம் இருபத்தொரு லட்சத்து அறுபதாயிரம். உங்களால ஒரு வாரம் பொறுக்க முடியல. நாங்க இருபது வருஷம் பொறுக்கணுமா?”

ஒரு நாள் கூலியை மட்டும் எண்ணி வாங்கிக்கொண்டு, கையெழுத்துப் போடாத தாளை அவர் கையிலேயே திணித்துவிட்டுப் போனாள்.

செய்தி பரவியது. அந்தச் சுவரை முடிக்க எந்தக் கொத்தனாரும் வரவில்லை. தெருநாய்கள் அதைத் தாண்டித் தாண்டிப் போகின்றன.