மகாராஜா நடை

மாங்கரைச் சீமையில் மருதாண்டி என்றொரு கூத்தாடி இருந்தான். ராஜா வேஷம் அவனுக்கு வாய்த்ததே இல்லை. பல்லுப்போன கிழவி, பயந்தாங்கொள்ளிக் காவல்காரன், குதிரையின் பின்னங்கால், எல்லாம் அவன்தான். ஆனால் கதாநாயகன் வரும்போது கொட்டாவி விடும் ஜனம், குதிரையின் பின்னங்கால் இடறினால் எழுந்து உட்காரும்!

மந்திரி சடகோபருக்கு மட்டும் அவனைக் கண்டால் ஆகாது. மழையில் மீசைச் சாயம் ஒழுகும் மந்திரியாக ஒருமுறை மருதாண்டி நடித்துத் தொலைத்திருந்தான்.

சடகோபர் சமயம் பார்த்து ராஜாவின் காதைக் கடித்தார்.

"மகாராஜா, திருவிழாக் கூத்தில் அந்தப் பயல் தங்களைப் போலவே நடந்து காட்டினானாம். ஊரே உருண்டு சிரித்ததாம்!"

ராஜா சிங்கராயருக்கு மூக்கு சிவந்தது. மருதாண்டியைப் பிடித்து வந்தார்கள். பின்னாலேயே அவன் பெண்சாதி பூவாயி, இடுப்பில் கைக்குழந்தையோடு ஓடி வந்தாள்.

"டேய், அதே நடையை இங்கே நடந்து காட்டு. அது என் நடையாக இருந்தால், பொழுது சாய்வதற்குள் குடும்பத்தோடு ஆற்றைத் தாண்டிப் போய்விடு!"

ஆற்றில் வெள்ளம் கரையை முட்டிக்கொண்டிருந்தது. பூவாயி குழந்தையை இறுக்கிக்கொண்டாள்.

"என்னங்க, மாத்தி நடங்க. நொண்டியாட்டம் நடங்க!" என்று கிசுகிசுத்தாள்.

"சும்மா இரு புள்ளே. அசலா நடந்தாத்தான் தப்பிக்கலாம்."

நடந்தான். தொப்பை முன்னே போயிற்று, தலை சாவகாசமாகப் பின்னே வந்தது. இடது கை துண்டை இழுத்துவிட்டது. மூக்கு ஒரு உறிஞ்சு உறிஞ்சியது. "உம்ம்!" என்றொரு உறுமல்.

அச்சு அசல் ராஜா! தளபதி உதட்டைக் கடித்தார். புரோகிதர் தூணுக்குப் பின்னால் போய்விட்டார்.

ராஜாவோ உற்றுப் பார்த்தார். பிறகு சிம்மாசனம் குலுங்கச் சிரித்தார்.

"அடேய்! இது நம்ம சடகோபர்!"

அந்த அரண்மனை வழக்கம் அப்படி. பதவி உயர வேண்டுமென்றால் ராஜாவைப் போல நடக்கப் பழக வேண்டும். சடகோபர் எல்லாரையும்விட நன்றாகப் பழகியிருந்தார். ராஜா அந்த நடையைத் தினமும் மந்திரியிடம்தான் பார்த்தார். தன் நடையைத் தானே பார்த்தவர் யார்?

மந்திரி பதறினார். "இல்லை மகாராஜா! இது தங்கள்..."

"என்ன? நான் இப்படியா நடக்கிறேன்? வாத்து மாதிரியா?"

சடகோபருக்கு வியர்த்தது. மீசைச் சாயம் நிஜமாகவே ஒழுகியது.

"என்... என் நடைதான் மகாராஜா."

"எங்கே, நடந்து காட்டும்!"

நடந்தார் பாவம். தொப்பை, துண்டு, உறிஞ்சல், உம்ம்.

"பார்த்தீரா? துளிகூட மாறவில்லை!" ராஜா கண்ணைத் துடைத்துக்கொண்டார். "மருதாண்டி, எங்கேயும் போகாதே. இனி அரண்மனைக் கூத்து உன்னுடையது. உன் பிள்ளைக்கு என் கையாலேயே தங்கக் காப்பு!"

சிம்மாசனத்தை விட்டு இறங்கினார். தொப்பை முன்னே, தலை பின்னே. துண்டை இழுத்துவிட்டார். உறிஞ்சினார். "உம்ம்!"

சபை முழுக்கக் குனிந்து தரையைப் பார்த்தது.

குழந்தை மட்டும் பொக்கை வாயைத் திறந்து, கெக்கெக்கெ என்று சிரித்தது. பூவாயிக்கு உயிரே போய்விட்டது.

"பாரடா! மந்திரி நடந்ததை நினைத்து இன்னும் சிரிக்கிறது!" என்றார் ராஜா.

மருதாண்டி கும்பிட்டான்.

"ஆமாம் மகாராஜா. அதற்கு அப்பனைவிடத் துணிச்சல் அதிகம்!"