முள்ளம்பன்றி வரைந்த செந்நாய்

முதலில் உலகின் பெரும்பிழை ஒன்றைத் திருத்திவிட வேண்டும். முள்ளம்பன்றி தன் முட்களை அம்புபோல் எய்யும் என்று எல்லோரும் நம்புகிறார்கள். எய்யாது. முள் தானாக உதிரும், அல்லது குத்திய இடத்தில் தங்கிவிடும், அவ்வளவுதான். இதை யாராவது காட்டுப்பன்றித் தளபதியிடம் சொல்லியிருந்தால் இந்தக் கதையே நடந்திருக்காது.

குளத்தின் அக்கரைக்குச் செந்நாய்கள் வந்தன. போர் மூண்டது. கடம்பன் என்ற முள்ளம்பன்றியை வில்லாளி என்று எண்ணித் தளபதி படையில் சேர்த்தது. ஒரு முள்கூடப் பறக்கவில்லை. கடம்பன் கரைக் காவலுக்குத் தள்ளப்பட்டது.

அங்கே அது உதிர்ந்த முள்ளால் ஈரச் சேற்றில் படம் வரைந்தது. நின்றபடியே தூங்கும் முயல். புற்றுக்குப் பின்னால் பதுங்கிக்கொண்டு ‘முன்னேறுங்கள்’ என்று கத்தும் தளபதி. எல்லாம் உள்ளது உள்ளபடி. சடையன் என்ற கீரிக்கு அரைக்காது. படத்திலும் அரைக்காதுதான். அதைப் பார்த்துச் சடையனே வயிறு குலுங்கச் சிரித்தது. காவலுக்குப் போகும் விலங்குகள் கடம்பனின் படத்தைப் பார்த்துவிட்டுப் போவதே வழக்கமாயிற்று.

ஓர் இரவு இக்கரைவரை நீந்தி வந்துபோன செந்நாயை அருகில் பார்த்தது காவலில் இருந்த கடம்பன் மட்டுமே. அது எப்படி இருக்கும் என்று மற்றவை நச்சரித்தன. ஒருநாள் தளபதி வந்தது. செந்நாயை எலியளவில், பல்லில்லாமல் வரையச் சொன்னது. படைக்குத் தெம்பு வரட்டுமாம். மறுத்தால் படங்களோடு கரையையே மூக்கால் உழுதுபோடுவேன் என்றது. ஒரே ஒரு படம்தானே என்று கடம்பன் வரைந்துவிட்டது.

முயல்கள் சிரித்தன. சடையன் மட்டும் கூர்ந்து பார்த்தது.

“அண்ணே, இவ்வளவுதானா இதுங்க?”

தளபதி பக்கத்திலேயே நின்றது. கடம்பன் தரையைப் பார்த்தபடி, “ஆமா” என்றது.

“நீங்க வரைஞ்சா சரியாத்தான் இருக்கும். இருங்க, ஒண்ணை இழுத்துக்கிட்டு வரேன்.”

கடம்பன் தலை நிமிர்வதற்குள் சடையன் பாதிக் குளம் நீந்திவிட்டது. “சடையா, திரும்புடா! நான் சொன்னது பொய்!” எதிர்க்காற்று அந்தக் குரலை இக்கரையிலேயே நிறுத்திவிட்டது.

சடையனைக் கவ்விய செந்நாய்க்கு வாயை முழுதாகத் திறக்கவேண்டிய தேவைகூட இருக்கவில்லை.

அன்று மாலை கடம்பன் அந்தப் படத்தை அழித்தது. செந்நாயை அதன் முழு உயரத்துக்கு வரைந்தது. காலடியில் சடையனை வரைந்தது. முயல்கள் வெகுநேரம் பார்த்துக்கொண்டு நின்றன. ஒன்றும் சிரிக்கவில்லை.

பொய்யன் சொல்லும் நூறு பொய்யை ஊர் தாங்கிக்கொள்ளும். மெய்யே சொல்லி வந்தவன் சொல்லும் ஒரு பொய் உயிரைக் குடித்துவிடும்.

மறுநாள் காலை தளபதி படையை அணிவகுக்கச் சொன்னது. பன்றிகள் மட்டும் வந்து நின்றன.