பன்னிரண்டாவது மூடி

காலை ஒன்பது இருபதுக்கு, மூடி உப்பிய ஆறு பாட்டில்களைப் பையில் போட்டுக்கொண்டு பழம் பதப்படுத்தும் கூடத்துக்கு வந்தார் சிற்றரசு. வயது அறுபத்தொன்று. கொல்லிமலை செம்மேட்டில் தலைமையாசிரியராக இருந்து ஓய்வுபெற்று, அங்கேயே தங்கிவிட்டவர்.

கூடத்தில் கோகிலவாணி அன்னாசிப் பழத்துக்குத் தோல் சீவிக்கொண்டிருந்தாள். வயது முப்பத்து மூன்று. அன்னாசி சால்சா என்னும் காரத் தொக்கைச் செய்து பாட்டிலில் அடைத்துக் கடைகளுக்கு அனுப்புகிறவள். ஒன்பதாம் வகுப்பில் அவளை வெயிலில் நிறுத்தியவர் சிற்றரசு. இரண்டு மாதமாக அவர் அவளுக்கு மாணவர்.

"இதுவும் போச்சா சார்?"

"போச்சு. மூணாவது தடவை. நீ சொன்ன அளவு, நீ சொன்ன நேரம். எதுலயும் குறை இல்ல. அப்புறம் எங்கதான் தப்பு?"

"என்னோடதையே பார்சல் பண்ணலாம்னு அன்னிக்கே சொன்னேன்."

"அதை அவனே கடையில வாங்கிக்குவான்."

அவன் என்பது மகன் கபிலன். வங்கித் தேர்வில் மூன்றாம் முறையும் தோற்ற அன்று, அப்பாவின் வாயில் ஒரு வார்த்தை கூடிவிட்டது. பிப்ரவரியில் திருப்பூருக்குப் போனவன் அவர் போனை எடுப்பதில்லை. வீட்டில் இருந்தவரை தோசைக்கு இந்த சால்சாதான் அவனுக்கு வேண்டும். தன் கையால் செய்து அனுப்புவது என்று சிற்றரசு முடிவு செய்திருந்தார். அதுவும் கெட்டுப்போய்ச் சேர்ந்தால், பிறகு அனுப்ப அவரிடம் எதுவும் இல்லை.

"இங்கயே செய்ங்க சார். நான் பார்க்கிறேன்" என்றாள் கோகிலவாணி.

செய்தார். அன்னாசி, தக்காளி, சின்ன வெங்காயம், பச்சை மிளகாய், வினிகர். கொதித்ததைச் சூடாகப் பாட்டிலில் ஊற்றி, வாய்ப்பக்கம் அரை அங்குலம் இடம் விட்டார். விளிம்பைத் துடைத்தார். புது மூடிகளை மூடி, பன்னிரண்டு பாட்டில்களையும் கொதிக்கும் நீரில் இருபது நிமிடம் முக்கி வைத்தார். எடுத்து, துணி விரித்த மேசையில் வரிசையாக வைத்தார்.

கோகிலவாணி ஒரு குறையும் சொல்லவில்லை.

அந்த மூடிகளின் நடுவில் சின்ன மேடு இருக்கும். உள்ளே இருப்பது ஆற ஆற, அது தானாகக் கீழே இறங்கும். 'டக்' என்று சத்தம் கேட்கும். காற்றுப் புகாமல் மூடிக்கொண்டது என்று பொருள்.

கால் மணி நேரத்தில் மூன்று சத்தம் கேட்டது. பிறகு இல்லை.

சிற்றரசு எழுந்தார். உட்கார்ந்தார். மறுபடி எழுந்தார். இறங்காத மூடி ஒன்றின் மேல் கட்டைவிரலை வைத்து அழுத்தினார். டக். அடுத்தது. டக். ஒன்பதையும் அழுத்திவிட்டு, வரிசையை நேராக்கினார்.

"பன்னிரண்டும் பாஸ்" என்றார்.

"நாளைக்கு வாங்க சார்."

மறுநாள் காலை நான்கு மூடிகளில் மேடு திரும்ப எழும்பியிருந்தது. கோகிலவாணி பாட்டில் திறப்பானை எடுத்தாள். நான்கையும் திறந்தாள். ஐந்தாவதையும் எடுத்தாள்.

"ஏம்மா, மீதி எட்டும் நல்லாத்தானே இருக்கு?"

"அதுல மூணு தானா மூடினது. மத்தது நீங்க அழுத்தினது, மூடின மாதிரி தெரியும், காத்து உள்ளே போயிடும். எந்த மூணுன்னு காட்டுங்க."

சிற்றரசு பாட்டில்களைப் பார்த்தார். எட்டும் ஒன்றுபோல இருந்தன.

"தெரியலையே."

"எனக்கும் தெரியல" என்று பன்னிரண்டையும் திறந்து பாத்திரத்தில் கொட்டினாள். பன்னிரண்டு மூடிகளையும் குப்பையில் போட்டாள். "வீட்டுலயும் இதேதான் செஞ்சீங்களா?"

"லேசாத் தட்டிக் கொடுத்தேன்."

"தட்டிக் கொடுத்தீங்களா!" அவளுக்குச் சிரிப்பு வந்தது. "உங்க கை எப்படித் தட்டிக் கொடுக்கும்னு எங்க செட்டுல எல்லாருக்கும் தெரியும் சார்."

அவரும் சிரித்தார். உடனே நிறுத்திக்கொண்டார்.

மறுபடி கொதிக்க வைத்தார்கள். புது மூடி போட்டு, மறுபடி நீரில் முக்கி எடுத்தார்கள். பன்னிரண்டும் மேசைக்கு வந்தன. கோகிலவாணி நாற்காலியை இழுத்து மேசையிலிருந்து நான்கடி தள்ளிப் போட்டாள்.

"உட்காருங்க சார். கையைக் கட்டுங்க."

"என்ன?"

"நீங்க சொல்லிக் கொடுத்ததுதான்."

சிற்றரசு கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தார்.

முதல் சத்தம் வந்தது. இரண்டாவது வந்தது. பிறகு நெடுநேரம் ஒன்றும் இல்லை. அவர் கை அவிழ்ந்து சட்டைப் பைக்குப் போனது. போனை எடுத்து எண்ணை அழுத்தினார். மறுமுனையில் மணி அடித்து ஓய்ந்தது. மறுபடி அழுத்தினார்.

"ஒரு நாளைக்கு எத்தனை தடவை சார்?"

"பத்து. சில நாள் பதினஞ்சு. எடுக்கிற வரைக்கும் விடக் கூடாதுல்ல?"

கோகிலவாணி கத்தியை எடுத்துக்கொண்டாள். அன்னாசி சீவப் போய்விட்டாள்.

சிற்றரசு போனைப் பார்த்தார். மேசையைப் பார்த்தார். எழுந்துபோய் போனை பாட்டில்களுக்குப் பக்கத்தில் வைத்தார். திரும்பி வந்து மறுபடி கையைக் கட்டிக்கொண்டார்.

டக்.

அவர் திரும்பிப் பார்க்கவில்லை. எண்ண மட்டும் செய்தார். ஐந்து. எட்டு. பகல் சாப்பாட்டு நேரத்தில் பத்து. டீ வந்தபோது பதினொன்று.

பன்னிரண்டாவது வரவில்லை. மறுநாள் காலையிலும் அதன் மேடு அப்படியே இருந்தது. அழுத்தச் சொல்லி அழைப்பதுபோல இருந்தது. சிற்றரசு கையைப் பின்னால் கட்டிக்கொண்டு அதன்முன் நின்றார்.

"கோகிலா, எல்லாம் ஒரே பழம். ஒரே சூடு. ஒரே நேரம். இது மட்டும் இறங்கலைன்னா, இது வீணா?"

கோகிலவாணி அந்தப் பாட்டிலைத் திறந்தாள். ஒரு கரண்டி எடுத்து அவர் உள்ளங்கையில் வைத்தாள்.

"வீணாப் போறதுக்கு அது இன்னும் கெடவே இல்லையே சார். அனுப்பி வைக்க முடியாது, அவ்வளவுதான். பக்கத்துல வெச்சுக்கிட்டுச் சாப்பிடலாம்."

சிற்றரசு கையில் இருந்ததைச் சாப்பிட்டு முடித்தார்.

பதினொரு பாட்டில்கள் பார்சலில் போயின. உள்ளே கடிதம் இல்லை. அன்று முதல் அவர் போன் செய்யவும் இல்லை.

பார்சல் போய் மூன்று வாரம் கழித்து, ஜூலை 27, ஞாயிற்றுக்கிழமை, காலை பதினொன்று பத்துக்கு, சிற்றரசின் போன் ஒலித்தது. அழைத்தவன் கபிலன். ஏழு நிமிடம் பேசினான்.