முதலை மேல் அமர்ந்த ராஜா

முன்னொரு காலத்தில், ராஜாவுக்கு வயிறு வலித்தால் ஊரே கஷாயம் குடித்துக்கொண்டிருந்த காலத்தில், ஒரு நாட்டை ஒரு ராஜா ஆண்டுவந்தார். நல்லவர்தான். மனசில் ஆசை ஒன்று புகுந்துவிட்டால் மட்டும் அது தீரும்வரை அவரும் தூங்க மாட்டார், மற்றவர்களையும் தூங்க விட மாட்டார்.

பக்கத்து நாட்டுக் கல்யாணத்துக்குப் போனவர், அந்த ராஜா புலித்தோல் மேல் உட்கார்ந்திருப்பதைப் பார்த்துவிட்டார். அதற்குப் பிறகு விருந்தில் உப்பு இருந்ததா இல்லையா என்றுகூட அவருக்குத் தெரியவில்லை. ஊர் திரும்பியதும் சபையைக் கூட்டினார்.

"அவன் புலித்தோல் மேல் உட்கார்ந்தால் நான் முதலைத்தோல் மேல் உட்காருவேன். விஜயதசமி அன்று ஆசனம் தயாராக இருக்க வேண்டும்" என்றார்.

ஊருக்கு மேற்கே பெரிய ஏரி. ஏதோ ஒரு வெள்ளத்தில் ஆற்றிலிருந்து வந்த முதலை ஒன்று திரும்பிப் போக வழி தெரியாமல் அதில் மாட்டிக்கொண்டு கிடந்தது. இரண்டு ஆள் நீளம் இருக்கும். ஆடு போனது, கன்று போனது, கோடையில் துணி துவைக்கப் போன ஒரு பெண்ணின் கை போனது. அப்புறம் தண்ணீர் மொள்ளப் போகிறவர்கள் குடத்தைக் குனிந்து முக்குவதை விட்டுவிட்டார்கள். கயிறு கட்டித் தூர நின்று வீசி இழுத்தார்கள்.

படைத்தலைவரான தளவாய் கொண்டல்ராயர் எழுந்தார். "மகாராஜா, அம்பு எய்தால் தோலில் ஓட்டை விழும். ஈட்டி எறிந்தால் கிழியும். ஓட்டைத் தோலில் தங்கள் திருமேனி அமரலாகாது. ஏரியில் மீன் பிடிக்கும் வலைக்காரர்களை இறக்கிவிடலாம். பத்துப் பேர் சேர்ந்து கையால் அமுக்கினால் முடிந்தது."

"பத்துப் பேரும் திரும்பி வருவார்களா?" என்று கேட்டார் ராஜா.

"பாதிப் பேர் வருவார்கள்."

வலைக்காரர்களை அழைத்துவந்து வாசலில் நிறுத்தியிருந்தார்கள். அவர்கள் தலைவர் மாசானம் தலைத்துணியை அவிழ்த்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நின்றார். அவர் மனைவி சடைச்சி மட்டும், "எந்தப் பாதின்னு தளவாய் அய்யா இப்பவே சொல்லிட்டா, மிச்சப் பேரு வீட்டுல உலை வெச்சிருவோம்" என்றாள். கை போனது அவள் தங்கைக்கு.

சபையின் ஓரத்தில் விகடகவி வேம்பையன் சிரித்துவிட்டான்.

தளவாய்க்கு வேண்டியது அந்தச் சிரிப்புத்தான். தான் ஒரு மாதம் பேசிக் கேட்டு ராஜாவிடம் வாங்க முடியாததை வேம்பையன் ஒரு வார்த்தையில் வாங்கிக்கொண்டு போவது அவருக்கு வெகு நாளாகத் தொண்டையில் முள்ளாக நின்றது. ஆஸ்தானப் புலவர் சொக்கேசக் கவிராயருக்கும் அதே முள்தான்.

"சிரிக்கிறவர் போய்ப் பிடித்து வரலாமே" என்றார் தளவாய்.

"பிடிக்கலாம்" என்றான் வேம்பையன். "எப்படிப் பிடிக்க வேண்டும் என்று தளவாய் சொன்னால் அப்படியே செய்கிறேன்."

தளவாய் கவிராயரைப் பார்த்தார். கவிராயர் தலையசைத்தார். "சொல்கிறேன், கேட்டுக்கொள்ளும். தோலில் ஒரு கீறல் இருக்கக் கூடாது. ஆயுதம் படக் கூடாது."

"நவராத்திரி நாள்" என்று கவிராயர் சேர்த்துக்கொண்டார். "ஒரு சொட்டு ரத்தம் தரையில் விழக் கூடாது. ஏரிக்கரையிலும் சரி, கொலுமண்டபத்திலும் சரி."

"விஷமும் வைக்கக் கூடாது" என்றார் தளவாய்.

மாசானம் கண்ணை மூடிக்கொண்டார். வேம்பையன் மட்டும் ஒவ்வொன்றுக்கும் "சரி, சரி" என்று சொல்லிக்கொண்டே வந்தான். கடைசியில் ராஜாவைக் கும்பிட்டான்.

"மகாராஜா, எனக்கு ஒரே ஒரு வேண்டுகோள். இதை ஊருக்கு முரசறைந்து சொல்லிவிட வேண்டும். நாளைக்கு நிபந்தனை கூடிற்று குறைந்தது என்று பேச்சு வரக் கூடாது."

அந்த நாட்டில் முரசறைந்து சொன்ன சொல்லை ராஜாவே நினைத்தாலும் மாற்ற முடியாது. தளவாய்க்கு இதைவிட வேறென்ன வேண்டும். கழுத்தைத் தானே நீட்டுகிறான் என்று நினைத்துக்கொண்டார்.

அறிவிப்புக்கு வாசகம் சொல்வது கவிராயர் வேலை. அவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, "நம் மகாராஜா முதலைத்தோ..." என்று தொடங்கியவர் சட்டென்று நிறுத்தினார்.

"என்ன கவிராயரே?"

"தோல் என்ற சொல் மகாராஜாவின் திருப்பெயருக்குப் பக்கத்தில் வரலாகாது. கேட்கிறவன் காதில் தோல்வி என்று விழும். முரசொலியில் கடைசி எழுத்துக் காற்றில் போயிற்று என்று நினைத்துக்கொண்டால் நாட்டுக்கே அபசகுனம்."

"ஆமாம், ஆமாம். எடுத்துவிடும்" என்றார் ராஜா.

கவிராயர் எடுத்துவிட்டார். தவறினால் என்ன தண்டனை என்பதைத் தளவாய் சேர்த்துக்கொண்டார். முரசுக்காரன் தெருத்தெருவாக இப்படிச் சொல்லிப் போனான்: "சகலருக்கும் தெரிவிப்பது. விஜயதசமி அன்று நம் மகாராஜா கொலுமண்டபத்தில் முதலை மேல் அமர்ந்து காட்சி தருவார். கீறல் படாமல், ரத்தம் சிந்தாமல் வேம்பையன் முதலையைக் கொண்டுவருவான். தவறினால் வேம்பையன் முன்னால் இறங்க, வலைக்காரர்கள் பின்னால் இறங்க, எல்லாரும் ஏரிக்குள் போவார்கள்."

ஏரிக்கரைக்கு வந்த வேம்பையனைச் சடைச்சி மறித்தாள்.

"சபையில பேசிட்டு வந்துட்டீங்க. முதலை உங்க பேச்சுக்குச் சிரிக்குமாய்யா?"

"சிரிக்காதும்மா. அதுக்குப் பல்லு நிறைய இருக்கு, சிரிச்சா எனக்குப் பயமா இருக்கும்."

"எனக்கு இப்பவே பயமாத்தான் இருக்கு. இவரு போனா என் வீட்டுல அடுப்பு இல்ல."

வேம்பையன் மணலில் உட்கார்ந்தான். "யாரும் தண்ணியில இறங்கப் போறதில்ல. மாசானம், அதை நாம தேடிப் போகாம அது நம்மைத் தேடி வரணும். என்ன வழி?"

மாசானம் யோசித்தார். "மீனுக்குப் பறி வைக்கிறோமே. உள்ள போற மீன் திரும்ப முடியாது. அதையே பெருசாச் செய்யணும். அகலம் கம்மியா, நீளமா. உடம்பைத் திருப்ப இடம் இருந்தா உடைச்சிரும்."

கல்மூங்கில் வெட்டி, முதலை நீளத்துக்கு ஒரு கூண்டு கட்டினார்கள். உள்பக்கம் கணுவெல்லாம் சீவி வைக்கோல் பிரி சுற்றினார்கள், உடம்பு உரசிக் கீறல் விழாமல் இருக்க. பாதி தண்ணீரில், பாதி கரையில். ஒரு முனையில் அழுகிய மீன். மறுமுனையில் மேலே தூக்கிக் கட்டின கதவு. கதவுக் கயிறு தூரத்துப் புளியமரத்தில்.

முதலை வரவில்லை. வருகிற மாதிரி இரண்டு கண் மட்டும் தண்ணீருக்கு மேலே தெரியும். உடனே எதிர்க்கரையில் டம் டம் என்று சத்தம் கேட்கும். கண் முழுகிவிடும். தளவாயின் ஆட்கள் பறையை வைத்துக்கொண்டு அங்கே உட்கார்ந்திருந்தார்கள். கேட்டால் நவராத்திரிக் கொண்டாட்டமாம்.

விஜயதசமிக்கு முந்தின நாளும் வந்துவிட்டது. வலைக்காரர் வீடுகளில் யாரும் சாப்பிடவில்லை. வேம்பையன் பரிசலில் எதிர்க்கரைக்குப் போய்ப் பறைக்காரர்களைக் கும்பிட்டான்.

"அண்ணமாரே, உங்க அடியிலதான் என் உயிர் நிக்குது. அந்தச் சத்தம் கேட்டுத்தான் முதலை எங்க பக்கம் மிரண்டு வருது. தயவுசெஞ்சு நிறுத்திராதீங்க."

பேச்சு தளவாய்க்குப் போயிற்று. உடனே ஆட்களை இந்தக் கரைக்கு மாற்று, கூண்டுப் பக்கத்திலேயே அடிக்கச் சொல் என்று உத்தரவு வந்தது. அவர்கள் மூட்டை கட்டிக்கொண்டு இருட்டில் ஏரியைச் சுற்றி இந்தப் பக்கம் வருவதற்குள், மாசானம் ஆட்கள் கூண்டை மிதக்கவிட்டு அந்தப் பக்கம் கொண்டுபோய்விட்டார்கள். காலியான கரையில் பறைக்காரர்கள் கை ஓயும்வரை அடித்தார்கள். முதலைக்குத் தேவையான அமைதி எதிர்க்கரையில் கிடந்தது.

விஜயதசமிக்கு வெளிச்சம் வரும் நேரம். தண்ணீர் சலசலப்பில்லாமல் பிளந்தது. முதலில் மூக்கு, பிறகு முதுகு. கூண்டு வாயில் வந்து நின்றது. வேம்பையன் கையில் கயிறு. உள்ளங்கை வேர்த்துக் கயிறு வழுக்கியது. இப்போது விட்டால் கதவு அதன் இடுப்பில் விழும், முதலை கூண்டையும் சேர்த்து இழுத்துக்கொண்டு போகும். சடைச்சி அவன் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். வால் உள்ளே போகும்வரை அவள் பிடியை விடவில்லை. பிறகு விட்டாள். கதவு விழுந்தது.

கூண்டு குதித்தது. சேறும் தண்ணீரும் மர உயரத்துக்கு எழும்பின. மூங்கில் முறிகிற சத்தம் கேட்டது.

"ஈரச்சாக்கு" என்று கத்தினார் மாசானம். "கண்ணு மறைஞ்சா அடங்கும்."

சடைச்சி நீளக் கழியில் சாக்கைத் தொங்கவிட்டு இடுக்கு வழியாக விட்டாள். "என் தங்கச்சி கையத் தின்னதுக்குப் போர்வை போத்த வேண்டியிருக்கு" என்று பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னாள். மூன்றாம் தடவை சாக்கு கண் மேல் விழுந்தது. முதலை மெல்ல அடங்கியது.

"இப்ப வாய்" என்றார் மாசானம். "கடிக்கத்தான் அதுக்கு யானை பலம். மூடின வாயைத் திறக்கப் பலமே இல்ல. ஒரு துணி போதும்."

கழி நுனியில் சுருக்குப் போட்டு, மாசானத்தின் தலைத்துணியால் வாயைச் சுற்றிக் கட்டினார்கள். ஒருத்தர் விரலுக்கும் சேதமில்லை. முதலைக்கும் ஒரு கீறல் இல்லை. கூண்டோடு வண்டியில் ஏற்றி, காய்ந்துபோகாமல் வழியெல்லாம் தண்ணீர் ஊற்றிக்கொண்டே போனார்கள்.

கொலுமண்டபம் நிரம்பியிருந்தது. வெளியே ஊர் மொத்தமும் நின்றது. கூண்டைச் சிம்மாசனத்துக்கு முன்னால் இறக்கி வைத்ததும் சாமரம் வீசுகிறவள் கை நின்றுவிட்டது.

"மகாராஜா, ஆசனம் வந்திருக்கிறது. அமர வேண்டும்" என்றான் வேம்பையன்.

ராஜா காலைச் சிம்மாசனத்தின் மேல் இழுத்துக்கொண்டார். "இது உயிரோடு இருக்கிறதே."

"ஒரு சொட்டு ரத்தம் சிந்தக் கூடாது என்றார்கள். சிந்தவில்லை. கீறல் கூடாது என்றார்கள். தளவாய் தடவிப் பார்த்துக்கொள்ளலாம்."

"கழுத்தை நெரித்துத் தோலை உரிக்க வேண்டியதுதானே" என்றார் தளவாய்.

"உரித்தால் இந்த மண்டபத்தில் ரத்தம் விழும். அதைக் கவிராயர் தடுத்திருக்கிறார். அதோடு, முரசில் தோல் என்று ஒரு சொல் வந்ததா? முதலை மேல் அமர்வார் என்றுதான் வந்தது. ஊர் அதைப் பார்க்கத்தான் நிற்கிறது."

ராஜா கவிராயர் பக்கம் திரும்பினார். கவிராயர் தன் அங்கவஸ்திரத்தின் நுனியைத் திருகிக்கொண்டிருந்தார். "அபசகுனம் என்று..." என்றார்.

"கவிராயர் சொன்னது சரிதான் மகாராஜா. முதலைத்தோலிலிருந்து தோலை எடுத்துவிட்டால் இப்படித்தான் ஆகும். அவர் வாசகத்திலிருந்து தோலை எடுத்தார், முதலை மிச்சம் நின்றுவிட்டது."

யாரும் சிரிக்கவில்லை. ராஜா எழுந்தார். சொன்ன சொல்லை மாற்றினால் ஊர் சிரிக்கும், மாற்றாவிட்டால் முதலை மேல் உட்கார வேண்டும். ஓர் அடி வைத்தார். சாக்குக்கு அடியிலிருந்து 'உஸ்' என்று ஒரு மூச்சு வந்தது. நின்றுவிட்டார்.

வேம்பையன் தளவாயைப் பார்த்துக் குனிந்தான். "புது ஆசனத்தில் வஞ்சனை உண்டா என்று பார்க்கும் பொறுப்புத் தளவாயுடையது. தாங்கள் ஒருமுறை அமர்ந்து காட்டினால் மகாராஜா தைரியமாக அமர்வார்."

சபை முழுவதும் தளவாய் பக்கம் திரும்பியது. அவர் உடைவாளைச் சரிசெய்தார், வேட்டியைச் சரிசெய்தார், மீசையைச் சரிசெய்தார். சரிசெய்ய வேறொன்றும் மிச்சமில்லாமல் கிட்டே வந்தார். முதலை வாலால் கூண்டை ஒரு அடி அடித்தது. அடுத்த நொடி தளவாய் சிம்மாசனத்துக்குப் பின்னால் இருந்தார். எப்படிப் போனார் என்று யாரும் பார்க்கவில்லை.

ராஜாவின் உதடு ஓரம் துடித்தது. ஆனாலும் அவர் இன்னும் சிரிக்கவில்லை. "வேம்பையா, என்னையும் அங்கே ஓடவிடப் போகிறாயா?" என்று மெல்லக் கேட்டார்.

"மகாராஜா, 'முதலை மேல்' என்பதுதான் வாசகம். முதலையைத் தொட்டு என்று எங்கே இருக்கிறது?"

மாசானமும் ஆட்களும் தடித்த தேக்குப் பலகையைக் கூண்டுக்கு மேலே போட்டார்கள். பட்டு விரித்தார்கள். ராஜா ஏறினார். பலகைக்குக் கீழே அது புரளுகிற அதிர்வு அவர் கால்வழியாக ஏறியது. கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்தார். வெளியே ஊர் எழுப்பின ஓசையில் கண்ணைத் திறந்தார்.

"பக்கத்து நாட்டு ராஜா செத்த புலி மேல் உட்கார்ந்தார். நம் ராஜா உயிரோடிருக்கும் முதலை மேல் உட்கார்ந்திருக்கிறார்" என்று வேம்பையன் உரக்கச் சொன்னான்.

அப்புறம் ராஜாவை இறக்க முடியவில்லை. கூண்டை வண்டியில் ஏற்றச் சொல்லி, அதன் மேலேயே ஊர்வலம் போனார். ஆற்று மடு வந்தபிறகுதான் இறங்கினார். அந்த மடுவில் துறையும் கிடையாது, ஆள் நடமாட்டமும் கிடையாது.

முதலையின் தலை இருக்கும் முனையை ஆழத்தைப் பார்க்கத் திருப்பி வைத்து, அந்த முனை மூங்கில்களை வெட்டி எடுத்தார்கள். வாய்க்கட்டில் போட்டிருந்த உருவு முடிச்சின் கயிற்றைச் சடைச்சி தூரத்தில் நின்று இழுத்தாள். துணி அவிழ்ந்தது. சாக்கையும் இழுத்தாள். முதலை கொஞ்ச நேரம் அப்படியே கிடந்தது. பிறகு ஓசையில்லாமல் தண்ணீருக்குள் போய்விட்டது.

ராஜா அது போன இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். "இவ்வளவு தூரம் என்னோடு வந்தது. ஒரு மரியாதைக்குக்கூடத் திரும்பிப் பார்க்கவில்லையே" என்றார்.

"அதுக்கு நீங்க ராஜான்னு யாரு சாமி சொன்னது? கண்ணைத்தான் கட்டியிருந்தோமே" என்றாள் சடைச்சி.

ராஜா அவளைப் பார்த்தார். சிரிப்பு அப்போதுதான் வந்தது. வந்தது நிற்கவில்லை. வயிற்றைப் பிடித்துக்கொண்டு, ஆற்று மணலில் அப்படியே உட்கார்ந்துவிட்டார். விரிப்புக் கொண்டு ஓடிவந்த சேவகனைக் கையசைத்துப் போகச் சொன்னார்.

அந்த மணலில் இருந்தபடியே, அரண்மனை வேலைக்கென்று எந்த வலைக்காரனையும் இனித் தண்ணீரில் இறக்கக் கூடாது என்று முரசறையச் சொன்னார். வேம்பையனுக்கு ஏரிப் பாய்ச்சலில் நல்ல நஞ்சையாகப் பார்த்துக் கொடுத்தார். மாசானம் நனைந்த தலைத்துணியைப் பிழிந்து தோளில் போட்டுக்கொண்டு, மனைவியோடு வீட்டுக்கு நடந்தார். அன்றைக்கு அவர்கள் வீட்டில் உலை கொதித்தது.