இனாம் உப்புக்குப் பேரம் பேசிய அயலார் மன்றம்

சந்தையில் ஒரு கட்டுக் கீரை வாங்கத் தெரியாதவனைப் பிடித்து, தலையில் பட்டுத்தொப்பி மாட்டி, "போய் அடுத்த நாட்டுக்காரனோடு பேசிவிட்டு வா" என்று அனுப்பினால் என்ன ஆகும்? லியாங்பூவில் ஆனதுதான் ஆகும்.

லியாங்பூ, சீன தேசத்தின் ஓரத்தில் ஓர் ஆற்றங்கரை ஊர். எதிர்க்கரையில் மோயுன் மலைநாடு. அங்கே உப்புக் கிணறு உண்டு, மீன் கிடையாது. இங்கே மீன் உண்டு, உப்பு கிடையாது. இரண்டு கரைக்கும் நடுவே தகராறு வராமல் பார்த்துக்கொள்ள லியாங்பூவில் அயலார் மன்றம் என்று ஓர் அலுவலகம் இருந்தது. வந்த தகராறெல்லாம் அங்கிருந்துதான் வந்தது.

மன்றத்தின் தலைவர் ஃபாங். துணைத்தலைவர் குவோ, தலைவர் சொன்னதையே கொஞ்சம் சத்தமாகச் சொல்வது அவர் உத்தியோகம். மூன்றாவது ஆள் மியாவ், சட்ட நுணுக்கம் பார்ப்பவர். எந்தச் சிக்கலை அவரிடம் கொடுத்தாலும், இருந்த ஒரு வழியையும் அடைத்துத் தருவார். தலைநகர் என்ன சொல்கிறதோ அதை அப்படியே, ஒரு சொல் பிசகாமல் செய்வதில் மூன்று பேரும் கெட்டிக்காரர்கள்.

தலைநகரின் நிரந்தர உத்தரவு ஒன்று இருந்தது: "அயலார் எதைக் கொடுத்தாலும் அதைவிடக் கூடுதலாகத் திருப்பிக் கொடு. அதுதான் நமக்குப் பெருமை."

அந்த வசந்தத்தில் மலைநாட்டுப் படகோட்டி ஒருவன் உப்பு மூட்டையோடு இறங்கும்போது, தெரியாமல் ஃபாங்கின் காலை மிதித்துவிட்டான்.

"மன்னிச்சுக்குங்க ஐயா" என்றான்.

ஃபாங் யோசித்தார். "இவன் அயலான். ஒரு மிதி கொடுத்திருக்கான். நாம கூடுதலா கொடுக்கணுமே."

மன்றமே வரிசையில் நின்று அவன் காலை மிதித்தது. சமையல்காரர் மிதித்தார், தோட்டக்காரர் மிதித்தார். பெருமைக்குக் குறை வந்துவிடக் கூடாது என்று கடைசியில் குதிரையையும் கொண்டுவந்தார்கள்.

மலைநாட்டு ராஜா உப்பை நிறுத்திவிட்டார்.

உப்பு நின்ற நேரம் பார்த்து ஆற்றில் மீன் குவிந்தது. உப்புப் போட்டுக் காயவைத்தால் குளிர்காலம் முழுக்கச் சோறு, போடாவிட்டால் நாற்றம். மீன்காரி ஹுவாலான் தன் மீன் தொட்டிகளையெல்லாம் கொண்டுவந்து மன்றத்து வாசலிலேயே இறக்கிவிட்டு உட்கார்ந்துகொண்டாள்.

"இந்த மீன் நாறுச்சுன்னா, முதல்ல உங்க மூக்குக்குத்தான் நாறணும். உப்பு வாங்கிக் குடுங்க. இல்லாட்டி நான் எழுந்திரிக்க மாட்டேன்."

மன்றம் தலைநகருக்கு ஆள் அனுப்பியது. அதற்குள் மலைநாட்டு ராஜாவுக்கே மனம் இளகிவிட்டது. தூதர் ஒருவரை ஒரு பெரிய படகு நிறைய உப்போடு அனுப்பினார். தூதர் பெயர் சாங்போ. பொறுமைசாலி என்று பெயரெடுத்தவர். அந்தப் பெயர் லியாங்பூவைப் பார்ப்பதற்கு முன்னால் எடுத்தது.

தலைநகரிலிருந்து பதிலும் வந்து சேர்ந்தது: "தூதர் யாராவது வந்தால், அவர் முதல் பேச்சை ஒத்துக்கொள்ளாதே. நம் மண்ணில் ஒரு துளிகூட விட்டுக்கொடுக்காதே."

சாங்போ கரையில் இறங்கிக் குனிந்து வணங்கினார். மன்றம் அதைவிடத் தாழக் குனிந்தது. அவர் மரியாதை தெரிந்த மனிதர், இன்னும் குனிந்தார். இவர்கள் முழங்கால் போட்டார்கள். அவரும் போட்டார். இவர்கள் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார்கள். அவரும் வேறு வழியில்லாமல் விழுந்தார்.

ஃபாங் தரையில் முகத்தை வைத்தபடியே கேட்டார்: "குவோ, இதுக்குக் கீழ என்ன இருக்கு?"

"மண்ணுதாங்க."

"அப்ப மண்வெட்டி கொண்டா."

குழி வெட்டி, அதில் இறங்கி, குழிக்குள்ளிருந்து ஃபாங் வணங்கினார். தூதர் எழுந்து, தூசியைத் தட்டிவிட்டு, இனிமேல் வணக்கமே வைப்பதில்லை என்று முடிவு செய்தார்.

உள்ளே போக ஓர் அடி எடுத்து வைத்தார். "நில்லுங்க!" என்று மியாவ் அலறினார். "ஐயா செருப்புல பாருங்க. நம்ம மண்ணு!"

தூதரின் செருப்பில் கரைச் சேறு அப்பியிருந்தது.

"அதோட ஊருக்குத் திரும்பினாருன்னா நம்ம மண்ணு அயலார் நாட்டுக்குப் போயிடும்" என்றார் மியாவ்.

"போயிடும்!" என்றார் குவோ, இன்னும் சத்தமாக.

செருப்பைக் கழற்றிக் கழுவினார்கள். கழுவிய தண்ணீரை வடிகட்டி, மண்ணை எடுத்த இடத்திலேயே போட்டார்கள். மறுபடி ஒட்டிக்கொள்ளக் கூடாது என்று தூதரை நாற்காலியில் வைத்துத் தூக்கிப் போனார்கள். கால் தரையில் படாமல் இரண்டு பேர் பிடித்துக்கொண்டே நின்றார்கள். அப்படிக் காலைத் தூக்கிக்கொண்டேதான் சாங்போ பேச்சைத் தொடங்கினார்.

"எங்க ராஜா பழசை மறந்துட்டார். படகு நிறைய உப்பு கொண்டுவந்திருக்கேன். விலை எதுவும் வேண்டாம். இனாம். எடுத்துக்குங்க."

"முடியாது!" என்றார் ஃபாங்.

"முடியவே முடியாது!" என்றார் குவோ.

வாசலில் ஹுவாலான் தலையில் அடித்துக்கொண்ட சத்தம் உள்ளே வரை கேட்டது.

தூதருக்குப் புரியவில்லை. இவ்வளவு வாங்க இவர்களுக்குக் கூச்சமோ என்று நினைத்தார். "சரி, பாதிப் படகு வச்சுக்குங்க."

ஃபாங் மியாவைப் பார்த்தார். "இது ரெண்டாவது பேச்சு. ஒத்துக்கலாமா?"

மியாவ் கண்ணை மூடித் திறந்தார். "பேச்சு ரெண்டாவதுதான். ஆனா பாதிப் படகுன்னு இப்பத்தானே முதல் தடவையா சொல்றார்?"

"முடியாது!"

"கால் படகு?"

"முடியாது!"

"ஒரு மூட்டை?"

குவோவுக்குப் புல்லரித்தது. ஃபாங்கின் காதில், ஊருக்கே கேட்கும்படியாகக் குசுகுசுத்தார்: "பாத்தீங்களா தலைவரே, படகுலேருந்து மூட்டைக்கு இறங்கிட்டான்! விடாதீங்க. இன்னும் இறங்குவான்!"

உலகத்தில் எத்தனையோ விதமாகப் பேரம் பேசுகிறார்கள். கத்துகிறார்கள், திரும்பிப் போவதுபோல் நடிக்கிறார்கள், பொண்டாட்டிக்கு உடம்பு சரியில்லை என்கிறார்கள். வருகிற இனாமை வாய்ச்சாமர்த்தியத்தால் குறைத்துக் குறைத்து ஒரு கைப்பிடிக்குக் கொண்டுவந்தவர்கள் இவர்கள்தான். அந்தக் கைப்பிடிக்கும் "முடியாது" என்றார்கள்.

சாங்போ தன் காலைப் பிடித்திருந்த ஆட்களை உதைத்துத் தள்ளிவிட்டு எழுந்தார். "அடப் பாவிகளா! படகையே எடுத்துக்குங்கய்யா! மொத்தத்தையும் எடுத்துத் தொலைங்க!"

"மொத்தமும்னு முன்னாடியே சொல்லியிருக்கார்" என்றார் மியாவ் மெதுவாக. "இப்ப ரெண்டாவது தடவை. ஒத்துக்கலாம்."

மன்றத்தில் மேளம் கொட்டினார்கள். ஹுவாலான் கண்ணைத் துடைத்துக்கொண்டு, தொட்டியைத் தூக்கிக்கொண்டு படித்துறைக்கு ஓடினாள். முதல் மூட்டையில் அவள் கை வைக்கப் போன நேரம் ஃபாங் குறுக்கே வந்தார்.

"தொடாதே. இது அயலார் கொடுத்தது. நாம கூடுதலா திருப்பிக் கொடுக்கணும்."

"எதைய்யா திருப்பிக் கொடுப்பீங்க?"

"உப்பு வாங்கினா உப்புத்தானே கொடுக்கணும்? வந்த படகு உப்பு. அதுக்கு மேல கொஞ்சம்."

"கொஞ்சம் எங்கேருந்து வரும்?"

வீடு வீடாகப் போனார்கள். ஜாடியின் அடியில் ஒட்டியிருந்ததைச் சுரண்டினார்கள். ஊறுகாயைப் பிழிந்தார்கள். ஹுவாலானின் மடியில் முடிந்திருந்த ஒரு சிட்டிகையையும் குவோ விடவில்லை. எல்லாவற்றையும் மூட்டை கட்டி, வந்த உப்பின் மேலேயே ஏற்றினார்கள்.

"வேண்டாம்யா, படகு தாங்காது" என்று தூதர் கும்பிட்டார்.

"தன்னடக்கம்!" என்றார் ஃபாங், மெய்மறந்து. அந்தத் தன்னடக்கத்தைப் பாராட்டி, படித்துறையிலிருந்த கல் சிங்கங்களையும் பெயர்த்துப் படகில் வைத்தார்.

படகு நடு ஆறு வரை போனது. அதற்கு மேல் கீழே போனது. சாங்போ நீந்தி எதிர்க்கரை ஏறினார். ஏறியவர் திரும்பியே பார்க்கவில்லை. நல்ல வேளை, பார்த்திருந்தால் இவர்களும் கூடுதலாகப் பார்த்திருப்பார்கள்.

உப்பு அத்தனையும் ஆற்றில் கரைந்து ஓடியது. கரையில் ஊரே வாய் பிளந்து நின்றது.

"இப்ப உப்பு யார்கிட்ட இருக்கு?" என்று கேட்டார் ஃபாங்.

"ஆத்துக்கிட்ட" என்றார் மியாவ்.

"இந்த ஆறு எங்கேருந்து வருது?"

"மலைநாட்டுலேருந்து."

"அப்ப இதுவும் அயலார்தான்! பேச்சுவார்த்தைக்குக் கூப்பிடு!"

ஆற்றால் கரையேறி வர முடியாது என்பதால் மன்றமே தண்ணீருக்குள் இறங்கியது. இடுப்பளவு ஆழத்தில் இரண்டு நாற்காலிகளை எதிரெதிரே போட்டு ஆட்கள் அழுத்திப் பிடித்துக்கொண்டார்கள். ஒன்றில் ஃபாங் தொப்பியோடு உட்கார்ந்தார். மற்றது ஆற்றுக்கு.

"நம்ம உப்பை நம்மைக் கேட்காம எடுத்ததுக்கு எங்க ஆழ்ந்த வருத்தம்" என்று தொடங்கினார். "மேலும், கடுமையான கண்டனம்."

குவோ கை தட்டினார். கை தட்டுவது முறை என்பதால் நாற்காலியைப் பிடித்திருந்தவர்களும் விட்டுவிட்டுக் கை தட்டினார்கள். ஆற்றின் நாற்காலி மெல்லத் திரும்பி மிதந்து போனது.

"வெளிநடப்பு!" என்று மியாவ் கத்தினார். "பதில் சொல்ல முடியாம வெளிநடப்பு பண்ணிடுச்சு!"

அவர் சொல்லி முடிப்பதற்குள் ஃபாங்கின் நாற்காலியும் அதன் பின்னாலேயே கிளம்பியது. தலைவர் இரண்டு கைப்பிடிகளையும் இறுகப் பிடித்துக்கொண்டு நடு ஆற்றை நோக்கிப் போனார்.

"ஐயோ, தலைவரை ஆறு இழுத்துட்டுப் போகுதே!" என்றாள் ஹுவாலான்.

"உனக்கு என்னம்மா தெரியும்?" என்றார் குவோ. "தனியா பேசக் கூட்டிட்டுப் போகுது. பெரிய விஷயமெல்லாம் அப்படித்தான் முடியும்."

"கையை ஆட்டுறாரே?"

"பேச்சு சூடு பிடிச்சிருக்கு."

"கயிறு போடுங்கடா!" என்ற குரல் ஆற்றின் வளைவிலிருந்து தெளிவாகக் கேட்டது.

குவோ ஊரைப் பார்த்துக் கண்டிப்பாகச் சொன்னார்: "ரகசியப் பேச்சு நடக்குது. யார் காதுலயும் விழக் கூடாது. எல்லாரும் காதைப் பொத்துங்க!"

ஊரே காதைப் பொத்திக்கொண்டது. ஹுவாலான் ஒருத்திதான் பொத்தவில்லை. அவள் இரண்டு கையாலும் ஏற்கெனவே மூக்கைப் பொத்தியிருந்தாள்.