இலுப்பைத் திடலில் முதல் அடி

ஒரு காட்டில் போர் ஓய்ந்து சமாதானம் வந்திருந்தது. ஆனாலும் அங்கே ஒரு சருகுமானுக்கு மட்டும் தூக்கம் வரவில்லை.

குழந்தைகளே, சருகுமானைப் பார்த்திருக்கிறீர்களா? பெயரில்தான் மான். உருவத்தில் முயலைவிடச் சற்றுப் பெரிது, அவ்வளவுதான். கொம்பு கிடையாது. கால்கள் ஈர்க்குச்சி போல இருக்கும். காய்ந்த இலை ஒன்று விழுந்தாலும் அதன் நெஞ்சு படபடக்கும். "சருகு அசைந்தால் சாகிறவள்" என்று மற்ற விலங்குகள் அதைக் கேலி செய்யும்.

ஆனால் இந்தச் சருகுமான் பயந்ததற்குக் காரணம் இருந்தது.

காட்டின் நடுவே இலுப்பை மரங்கள் சூழ்ந்த ஒரு திடல். பங்குனி பிறந்தால் அங்கே இலுப்பைப் பூ பாய் விரித்தாற்போல் உதிர்ந்து கிடக்கும். தேன்போல இனிக்கும் அந்தப் பூ யாருக்குச் சொந்தம் என்றுதான் காட்டுப்பன்றிகளும் கரடிகளும் போரிட்டன. பன்றிகள் கோரைப்பல்லால் குழி பறித்தன. கரடிகள் நகத்தால் குழி பறித்தன. குழிக்குள் கூரான மூங்கில் முளைகளை நட்டு, மேலே சுள்ளி பரப்பி, சருகு தூவி மூடின. ஒரு கூட்டம் வெட்டிய குழி மற்றக் கூட்டத்துக்குத் தெரியாது.

அடித்துக்கொண்டு களைத்த பிறகு இரண்டு கூட்டமும் சமாதானம் பேசின. "குழிகள் என்னாயின?" என்று யாரோ கேட்டார்கள்.

"எங்கள் குழிகளை எல்லாம் தூர்த்துவிட்டோம்" என்றது தலைமைப் பன்றி.

"நாங்களும்தான்" என்றது தலைமைக் கரடி.

இது நடந்து சில நாள்கூட ஆகவில்லை. சருகுமானின் இணை திடலின் ஓரமாக இரை தேடப் போனது. திரும்பவில்லை. குழிக்குள் கிடந்த உடலைச் சருகுமான்தான் கண்டுபிடித்தது. பன்றிகளிடம் போய் அழுதது. "அது கரடிகளின் குழியாக இருக்கும்" என்றன பன்றிகள். கரடிகளிடம் போய் அழுதது. "பன்றிகளின் குழியாக இருக்கும்" என்றன கரடிகள். இரண்டும் ஆறுதல் சொல்லி அனுப்பிவைத்தன.

இப்போது சருகுமானுக்கு இருந்தது ஒரே ஒரு குட்டி. நெற்றியில் வெள்ளைப் புள்ளி இருந்ததால் அதன் பெயர் பொட்டு.

பங்குனி வந்தது. மயில் ஒன்று ஒவ்வொரு புதராகப் போய் அகவியது.

"கேளுங்கள், கேளுங்கள்! முதல் பூ உதிரும் நாளில் இலுப்பைத் திடலில் சமாதானத் திருவிழா! எல்லாக் குட்டிகளும் திடலின் குறுக்கே ஓடி, நடு மரத்தின் அடியில் பூ வைக்கவேண்டும். முன்வரிசையில் முதலில் ஓடப்போவது நம் பொட்டு!"

பொட்டு துள்ளிக் குதித்தது. "அம்மா, நான்தான் முதல்! நான்தான் முதல்!"

சருகுமான் பதறி முன்னால் வந்தது. "மயில் அண்ணா, திடலில் குழி இருக்கிறதே!"

"தூர்த்தாயிற்று என்று தலைவர்களே சொல்லிவிட்டார்கள். உனக்கு மட்டும் என்ன சந்தேகம்?"

"என் இணை செத்தது அங்கேதானே அண்ணா?"

"ஐயோ பாவம், அது ஏதோ விட்டுப்போன குழி." மயில் தோகையைச் சிலிர்த்துக்கொண்டது. "நேற்று நானே திடலில் இறங்கி ஆடிப் பார்த்தேன். எனக்கு ஒன்றும் ஆகவில்லையே!"

"உங்களுக்குச் சிறகு இருக்கிறது அண்ணா. தரை நழுவினால் பறந்துவிடுவீர்கள். என் குட்டிக்கு நாலு கால்தான் இருக்கிறது."

மயிலுக்குச் சுருக்கென்றது. கழுத்தை நீட்டி, குரலைத் தாழ்த்திச் சொன்னது: "இதோ பார். எல்லோரும் ஒன்றுகூடி மகிழும் நேரத்தில் குழி, குழி என்று புலம்பாதே. சமாதானம் பிடிக்காதவள் என்று உன்னைச் சொல்லிவிடுவார்கள். அப்புறம் இந்தக் காட்டில் உனக்கு யார் துணை?"

சருகுமானுக்குப் பயம் இப்போது இரண்டானது. பேசினாலும் பயம், பேசாவிட்டாலும் பயம்.

திருவிழா நாள் விடிந்தது. இரவெல்லாம் உதிர்ந்த பூ திடலை வெள்ளையாக மூடியிருந்தது. எது மண், எது சருகு என்று தெரியவில்லை. காடே திரண்டு திடலைச் சுற்றி நின்றது. குட்டிகள் வாயில் ஆளுக்கொரு பூவோடு வரிசை கட்டின. முன்னால் பொட்டு. அடுத்து முயல்குட்டிகள், கீரிக்குட்டிகள், மான்குட்டிகள். எல்லோருக்கும் பின்னால் பன்றிக்குட்டிகளும் கரடிக்குட்டிகளும் நின்றன.

சருகுமான் அந்த வரிசையை உற்றுப் பார்த்தது. பலமுள்ள குட்டிகள் எல்லாம் ஏன் கடைசியில் நிற்கின்றன?

அது மெல்ல ஒரு பன்றிக்குட்டியின் அருகில் போனது. "கண்ணு, நீங்கள் முன்னால் ஓடவில்லையா?"

"அப்பா வேண்டாம் என்றார் அத்தை. சின்னக் குட்டிகள் ஓடி முடித்த பிறகு, அவை கால் வைத்த இடத்திலேயே கால் வைத்துப் போகச் சொன்னார்."

பக்கத்தில் நின்ற கரடிக்குட்டி வாயிலிருந்த பூவைத் துப்பிவிட்டுச் சிரித்தது. "அட, எங்கள் அப்பாவும் அதையேதான் சொன்னார்!"

சருகுமானுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. எந்தக் குழியும் தூர்க்கப்படவில்லை. மறுபடி சண்டை வந்தால் உதவும் என்று இரண்டு கூட்டமும் தங்கள் குழிகளை அப்படியே வைத்திருக்கின்றன. எதிரியின் குழி எங்கே இருக்கிறது என்று கண்டுபிடிக்கத்தான் பொட்டுவும் மற்றக் குட்டிகளும்.

கத்தலாமா? யார் நம்புவார்கள்? 'சருகு அசைந்தால் சாகிறவள்' என்று சிரிப்பார்கள். பொட்டுவை மட்டும் இழுத்துக்கொண்டு ஓடலாமா? அப்படியானால் அடுத்து நிற்கும் முயல்குட்டி முதலில் ஓடும். அதற்கும் ஓர் அம்மா இருக்கிறாள்.

மயில் குரல் கொடுக்கக் கழுத்தை உயர்த்தியது. பொட்டு முன்காலைத் தூக்கியது.

"நில்லுங்கள்!"

அது தன் குரல்தானா என்று சருகுமானுக்கே தெரியவில்லை. காடு முழுவதும் திரும்பிப் பார்த்தது. அது நடுங்கியபடியே இரண்டு தலைவர்களின் முன்னால் போய்த் தலை தாழ்த்தி நின்றது.

"பெரியவர்களே, இந்தச் சமாதானத்தைக் கொண்டுவந்தவர்கள் நீங்கள் இருவரும். உங்களை விட்டுவிட்டு ஒன்றுமறியாத குட்டிகள் முதல் அடி வைப்பது உங்களுக்கு மரியாதையா? இருவரும் ஒரே மாலையைத் தோளில் போட்டுக்கொண்டு முதலில் நடந்து போங்கள். அந்தக் காட்சியைக் காண நாங்கள் கொடுத்துவைத்திருக்க வேண்டாமா?"

"ஆகா! சரியான பேச்சு!" என்று கூட்டம் ஆர்ப்பரித்தது. மந்திகள் தடித்த காட்டுக்கொடியில் பூவைச் சுற்றி, கண் மூடித் திறப்பதற்குள் ஒரு மாலை கட்டிவிட்டன. ஒரு முனையைப் பன்றியின் தோளிலும் மறு முனையைக் கரடியின் தோளிலும் மாட்டி இறுக்கி முடிந்தன.

பன்றி கரடியைப் பார்த்தது. கரடி பன்றியைப் பார்த்தது.

"கரடியாரே, நீங்கள் மூத்தவர். முதலில் நடங்கள்."

"சேச்சே, அது முறையாகுமா? பலசாலி முன்னால் போகவேண்டும். நீங்களே போங்கள் பன்றியாரே."

"எனக்குக் காலையிலிருந்து குளம்பில் ஒரு வலி..."

"எனக்கும் இடுப்புப் பிடிப்பு."

"மாப்பிள்ளையும் பெண்ணும் மாதிரி வெட்கப்படுகிறார்களே!" என்று ஒரு மந்தி கத்தியது. கூட்டம் சிரித்தது. இனியும் நின்றால் மானம் போகும். இருவரும் திடலில் கால் வைத்தார்கள்.

கரடி இடப்பக்கம் போகப் பார்த்தது. பன்றி வலப்பக்கம் இழுத்தது. தான் வெட்டிய குழியை விட்டு ஒன்று விலகினால், மற்றது வெட்டிய குழியின் பக்கம் போகவேண்டியிருந்தது. ஓர் அடி வைத்து இரண்டு அடி பின்வாங்கின. பூவை மோந்து பார்த்தன. காலைத் தூக்கி, எங்கே வைப்பது என்று தெரியாமல் தூக்கியபடியே நின்றன.

சிரிப்பு அடங்கியது. திடலைப் பார்த்த தாய்கள் ஒவ்வொன்றாகத் தங்கள் குட்டிகளைப் பின்னால் இழுத்துக்கொண்டன.

அப்போது கரடியின் பின்கால்களின் கீழே சுள்ளி முறிந்தது. பூவும் சருகும் சரசரவென்று உள்ளே சரிந்தன. கரடியின் பாதி உடல் குழிக்குள் இறங்கிவிட்டது. கீழே மூங்கில் முனைகள் பல்லைக் காட்டின. மாலை இறுகி, பன்றியையும் குழியை நோக்கி இழுத்தது. பன்றி நாலு காலையும் மண்ணில் ஊன்றிக்கொண்டது.

"பிடித்துக்கொள்ளுங்கள் பன்றியாரே! விட்டுவிடாதீர்கள்!"

"நான் எங்கே விடுவது? கட்டியிருக்கிறதே! ஐயோ, அந்தக் கையை இடப்பக்கம் ஊன்றாதே! அங்கே ஒன்று இருக்கிறது! எங்களுடையது!"

"நீ பின்னால் போகாதே! உனக்குப் பின்னால் எங்களுடையது! சாய்ந்த மரத்தடியிலும் ஒன்று!"

"கல்லுக்குப் பக்கத்திலும்! புற்றுக்கு முன்னாலும்! அசையாதே!"

தூர்த்தாயிற்று என்று சொன்ன வாய்களே உயிர்ப் பயத்தில் ஒவ்வொரு குழியாகச் சொல்லிக் கத்தின. காடு முழுவதும் கேட்டுக்கொண்டு நின்றது. மந்திகள் கிளைகளில் தொங்கி, கரடியின் முன்கையைப் பிடித்து இழுத்தன. பன்றி பல்லைக் கடித்துக்கொண்டு இழுத்தது. கடைசியில் கரடி மேலே வந்து விழுந்தது. அதன் தொடையில் ரத்தம் வழிந்தது.

இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் கிடந்து மூச்சு வாங்கின. மாலையை அவிழ்க்க யாரும் வரவில்லை.

சருகுமான் திடலின் விளிம்புவரை வந்தது. "பெரியவர்களே, என் இணை விழுந்த குழி யாருடையது?" என்று கேட்டது.

இருவரும் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டார்கள். தலை நிமிராமலே பன்றி சொன்னது: "எங்களுடையது."

அன்று ஆட்டமும் இல்லை, பாட்டும் இல்லை. பன்றிகள் தங்கள் குழிகளைக் காட்டின. கரடிகள் தங்கள் குழிகளைக் காட்டின. முளைகளைப் பிடுங்கி எறிந்துவிட்டு மண்ணைத் தள்ளி மூடின. அப்படியும் வேலை முடியவில்லை. போரில் செத்துப்போனவர்கள் வெட்டிய குழிகள் எங்கே இருக்கின்றன என்று உயிரோடு இருந்தவர்களுக்குத் தெரியவில்லை. நீண்ட மூங்கிலால் தரையைத் தட்டித் தட்டி அவற்றைத் தேடவேண்டியிருந்தது. அந்த ஆண்டுப் பூ முழுவதும் யாரும் தின்னாமல் திடலிலேயே அழுகியது.

மழை வந்து புல் முளைத்த பிறகுதான் வேலை முடியும் தறுவாய்க்கு வந்தது. ஒருநாள் காலை பொட்டு திடலின் விளிம்பில் நின்று கேட்டது.

"அம்மா, இப்போது ஓடலாமா?"

சருகுமான் திடலை ஒரு முறை முழுவதும் பார்த்தது.

"அந்தக் கிழக்கு மூலையை இன்னும் தட்டிப் பார்க்கவில்லை. பொறு."

பொட்டு பொறுத்திருந்தது.

நீதி: குழியை வெட்டியவனே அதைக் காட்டித் தூர்க்கும்வரை சமாதானம் வந்ததாகாது.