நான்முகியின் நான்காம் பக்கம்

மேகம் விலகாத நாடு ஒன்று இருந்தது. அங்கே யாரும் சூரியனையோ நட்சத்திரத்தையோ பார்த்ததில்லை. ஆனாலும் நெல் விளைந்தது, ஆடுகள் குட்டி போட்டன. மலை உச்சியில் இருந்த நான்முகிதான் அதற்குக் காரணம்.

அது இடுப்பு உயரக் கருங்கல். நான்கு பக்கமும் முக்கோணம். மேகத்துக்கு அப்பாலிருந்து விண்ணின் ஆற்றலை இழுத்து, கீழே உள்ள ஊர்களுக்கு வெளிச்சமாகவும் சூடாகவும் அனுப்பியது. ஒரு பக்கத்தில் நெற்கதிர் செதுக்கியிருந்தது; அது கதிரூருக்கு. இன்னொன்றில் மீன், அது மீன்துறைக்கு. மூன்றாவதில் பனை, அது பனங்காட்டுக்கு. நான்காவது பக்கம் தரையில் படிந்து கிடந்தது. அது வெறும் மொட்டைப் பக்கம் என்றார்கள்.

நான்காவது ஊர் மான்குடி. அங்கே நாள் முழுக்க அந்திபோல மங்கலாக இருக்கும். விதைத்ததில் பாதி முளைக்காது.

அந்த ஊர்க் களஞ்சியத்துக்குக் காவலாக இருந்தவர் தித்தன். வயதான பிறகு மலையேறி வந்து நான்முகியைக் காத்துவந்த எயினியிடம் சீடராகச் சேர்ந்தார். எயினிக்கு அவருடைய மகள் வயதுதான் இருக்கும்.

"எங்கள் ஊருக்கு மட்டும் ஏன் வெளிச்சம் இல்லை, அம்மா?"

"கல்லைப் புரட்டிப் பார்ப்போமா?" என்றாள் எயினி.

தித்தன் பதறிப்போனார். "நான் கற்றுக்கொள்ள வந்தவன். தெய்வக் குற்றம் செய்ய வரவில்லை."

முன்பு வந்த சீடர்களிடமும் அவள் அதையே கேட்டிருந்தாள். அசைத்தால் ஆற்றல் விண்ணுக்கே திரும்பிவிடும் என்று பயந்து அவர்கள் இறங்கிப் போய்விட்டார்கள். தித்தன் போகவில்லை. கல்லைச் சுற்றிப் பெருக்கினார். அதன் கோணங்களை அளக்கக் கற்றார். எயினி வற்புறுத்தவில்லை.

மழை ஓய்ந்த ஒரு நாள் தித்தனின் மகள் மருதி ஏறி வந்தாள்.

"இந்தத் தடவையும் முளைக்கவில்லை அப்பா. ஊரே கிளம்புகிறது. உங்களைக் கூட்டிப்போக வந்தேன்."

"எங்கே போகிறீர்கள்?"

"தெரியாது."

"களஞ்சியத்தைப் பூட்டினீர்களா?"

"உள்ளே என்ன இருக்கிறது, பூட்டுவதற்கு?"

தித்தன் கல்லின் முன்னால் வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். பிறகு எயினியிடம் போனார். அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள்.

"புரட்டினால் ஆற்றல் போய்விடுமா அம்மா?"

"தெரியாது."

"உங்களுக்குமா?"

"யாரும் புரட்டிப் பார்த்ததில்லையே."

"போய்விட்டால் நான்கு ஊரும் இருண்டுவிடும்."

"ஆமாம்."

"பிறகு ஏன் என்னைப் புரட்டக் கூப்பிட்டீர்கள்?"

"நீங்கள் வெளிச்சம் கேட்டீர்கள். எனக்குத் தெரிந்த வழி அது ஒன்றுதான். தனியாக என்னால் முடியாது."

தித்தன் மகளைப் பார்த்தார். அவள் விரல்களில் வயல்சேறு காய்ந்திருந்தது.

"கடப்பாரை எங்கே இருக்கிறது?" என்று கேட்டார்.

அவர் நெம்பினார். மருதியும் எயினியும் தோள் கொடுத்துத் தள்ளினார்கள். கல் முனகியது, சாய்ந்தது, தொம்மென்று மறுபக்கம் விழுந்தது.

நான்முகி அணைந்துவிட்டது.

மலையடிவாரம் முழுவதும் மங்கியது. எங்கோ ஒரு நாய் குரைத்து நின்றது. தித்தன் என்ன செய்வதென்று தெரியாமல், மேலே வந்த பக்கத்தில் அப்பியிருந்த மண்ணைத் துண்டால் துடைக்க ஆரம்பித்தார். வேர்கள் பிய்ந்து வந்தன. ஒரு பூரான் ஓடியது. பிறகு ஒரு கோடு தெரிந்தது. ஒரு கால். ஒரு கொம்பு.

"மான்," என்றாள் மருதி மெதுவாக.

அதன்மேல் வைத்த அவள் உள்ளங்கைக்குக் கீழே கல் சுட்டது. வெளிச்சம் மலைச்சரிவில் வழிந்து மான்குடியைத் தொட்டது.

மருதி எட்டிப் பார்த்தாள். "நம் வீட்டு ஓடு சிவப்பா அப்பா?"

தித்தன் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். முகமெல்லாம் மண்ணானது.

கதிரூரும் பனங்காடும் மறுபடி வெளுத்தன. ஆற்றங்கரையில் ஓர் ஊர் மட்டும் மங்கலாகவே இருந்தது.

"அம்மா, மீன் கீழே போய்விட்டது," என்றார் தித்தன் எயினியிடம்.

"பார்த்தேன்."

"அது உங்கள் ஊர். உங்கள் அம்மா அங்கேதானே இருக்கிறார்? வேறு பக்கத்தைக் கீழே தள்ளியிருக்கலாமே."

"வேறு யாருடைய அம்மாவை?"

தித்தன் சரிவின் விளிம்புக்குப் போனார். கொஞ்ச நேரத்தில் கீழே மலைப்பாதையில் ஆட்கள் தெரிந்தார்கள். மீன்துறைக்காரர்கள் கூட்டமாக, வேகமாக ஏறி வந்துகொண்டிருந்தார்கள்.

"கோபமாக வருகிறார்கள்," என்றார். "நான் அவர்களிடம் என்ன சொல்வது?"

எயினி கடப்பாரையை எடுத்து அவர் கையில் கொடுத்தாள்.

"எதுவும் சொல்ல வேண்டாம். எங்கே பிடித்துத் தள்ள வேண்டும் என்று காட்டுங்கள். அடுத்து மங்கும் ஊரிலிருந்து வருகிறவர்களுக்கு அவர்கள் காட்டட்டும்."